தாராவியைச் சென்னையில் கட்டுகிறவர்கள்

மும்பையின் தாராவி குறைந்தது இரண்டு முறை சென்னையில் கட்டப்பட்டிருக்கிறது. 1987-இல் வெளியான ‘நாயகன்’ படத்துக்காக வீனஸ் ஸ்டுடியோவில் தோட்டா தரணி ஒரு தாராவியை எழுப்பினார். அந்தப் படத்தின் கலை இயக்கத்துக்காக அவருக்குத் தேசிய விருது கிடைத்தது. முப்பது ஆண்டுகள் கழித்து, 2018-இல் வந்த ‘காலா’வுக்காகக் கலை இயக்குநர் ராமலிங்கம் சென்னைப் புறநகரில் இன்னொரு தாராவியைக் கட்டினார். உண்மையான தாராவிக்கு ரயில் ஏறினால் மறுநாள் போய் இறங்கிவிடலாம். பிறகு எதற்கு இந்தப் பாடு?

கூட்டம் ஒரு காரணம். பெரிய நடிகரை அந்தச் சந்துகளில் நிறுத்தினால் ஊரே திரண்டுவிடும். அதைவிட முக்கியமான காரணம் சந்தின் அகலம். இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் ஒதுங்கி நிற்க வேண்டிய இடத்தில் கேமராவையும் ட்ராலியையும் விளக்குகளையும் எங்கே வைப்பது? செட்டில் கட்டப்படும் சந்தும் திரையில் அதே அளவு நெருக்கமாகத்தான் தெரியும். ஆனால் அதன் ஒரு பக்கச் சுவரைக் கழற்றி நகர்த்தலாம், கூரைத் தகரத்தில் நான்கை எடுத்துவிட்டு மேலிருந்து வெளிச்சம் இறக்கலாம், மழைக்காட்சி என்றால் தண்ணீர் எந்தப் பக்கம் வடிய வேண்டும் என்பதற்குத் தரையிலேயே சரிவு கொடுக்கலாம். எந்தச் சுவர் கழல வேண்டும், எது நிலையாக நிற்க வேண்டும் என்பது காட்சியைப் பொறுத்தது. நாயகன் எந்தப் பக்கமிருந்து நடந்து வருகிறான், அவனை யார் எந்த ஜன்னலிலிருந்து பார்க்கிறார்கள் என்பது முடிவாகாமல் அந்தச் சுவரை வரையக்கூட முடியாது.

இந்தத் தொழிலின் ஏற்ற இறக்கம் எல்லாம் இங்கிருந்துதான் தொடங்குகிறது என்பது என் எண்ணம். ஒரு படத்தில் கலை இயக்குநர் எந்தக் கட்டத்தில் அழைக்கப்படுகிறார்? திரைக்கதை கையில் இருக்கும்போதே அழைக்கப்பட்டால் அவர் படத்தின் உலகத்தைத் தீர்மானிக்கிறவர். இடமும் தேதியும் முடிவான பிறகு அழைக்கப்பட்டால், கேட்ட பொருளைக் கொண்டுவந்து வைக்கிறவர். ஒரே ஆள், ஒரே கைத்திறன். முதல் படத்தில் ஒன்றாகவும் அடுத்த படத்தில் மற்றொன்றாகவும் இருந்துவிட்டு வீடு திரும்புகிறவர்கள் கோடம்பாக்கத்தில் நிறைய.

புரொடக்‌ஷன் டிசைனர் என்ற பட்டமே இப்படி முன்கூட்டி அழைக்கப்பட்ட ஒருவருக்காகத்தான் பிறந்தது. 1939-இல் வந்த ‘கான் வித் த விண்ட்’ படத்தின் பெரும்பகுதியை வில்லியம் கேமரன் மென்சீஸ் படப்பிடிப்புக்கு முன்பே சித்திரங்களாக வரைந்து, நிறத்தையும் கோணத்தையும் முடிவு செய்து வைத்தார். படத்தைத் தயாரித்த செல்ஸ்னிக் அவருக்கென்றே அந்தப் பட்டத்தைத் திரையில் போட்டார். ஆஸ்கர் விருதுப் பிரிவின் பெயர் கலை இயக்கம் என்பதிலிருந்து புரொடக்‌ஷன் டிசைன் என்று மாறுவதற்கு 2012 வரை ஆனது. நம் ஊரில் இப்போது பட்டம் சுலபமாக மாறிவிட்டது. அழைக்கும் நேரம் பல படங்களில் இன்னும் மாறவில்லை.

ஸ்டுடியோக் காலத்தில் இந்தச் சிக்கல் இவ்வளவு இல்லை. கலைத்துறை ஸ்டுடியோவுக்குள்ளேயே மாதச் சம்பளத்தில் இருந்தது. தச்சர், ஓவியர், சுதை வேலைக்காரர், தையல்காரர் எல்லோரும் ஒரே வளாகத்தில். 1948-இல் எஸ்.எஸ். வாசனின் ‘சந்திரலேகா’ முரசு நடனத்தைக் காட்டி நாட்டையே வாய்பிளக்க வைத்தது என்றால், அந்த ராட்சத முரசுகளுக்கும் அரண்மனைக்கும் பின்னால் ஏ.கே. சேகர் என்ற கலை இயக்குநரும் ஜெமினி ஸ்டுடியோவின் மொத்தப் பட்டறையும் இருந்தன. வடபழனியில் நாகி ரெட்டியின் விஜயா வாகினியில் 1957-இல் ‘மாயாபஜார்’ எடுக்கப்பட்டபோது கலை இயக்குநர்கள் கோகலேயும் கலாதரும் துவாரகையைச் சிறு வடிவத்தில், விளக்கெரியும் வீடுகளோடு கட்டிப் படமாக்க வைத்தார்கள். கோகலே முதலில் ஓவியர். கதாபாத்திரங்களின் உடையும் நகையும்கூட அவர் கோட்டில்தான் முதலில் உருவாயின. இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் கலை இயக்குநரும் ஒரே கேன்டீனில் சாப்பிடும் இடத்தில் ‘எப்போது அழைப்பது’ என்ற கேள்வி எழுவதில்லை. அவர் அங்கேயேதான் இருக்கிறார்.

அந்த வளாகங்களின் கதி சென்னைவாசிகளுக்குத் தெரிந்ததுதான். ஜெமினி இருந்த இடத்தில் நட்சத்திர ஓட்டல் நிற்கிறது. பெயர் மட்டும் மேம்பாலத்துக்குப் போய்விட்டது. விஜயா வாகினி வளாகத்தில் மருத்துவமனையும் மாலும் வந்துவிட்டன. வேறு பல ஸ்டுடியோக்கள் அடுக்குமாடிக் குடியிருப்பும் கல்யாண மண்டபமுமாக மாறின. ஆற்காடு சாலையில் ஒரு படப்பிடிப்பு ஃப்ளோரை மாதக்கணக்கில் செட்டோடு வைத்திருப்பதைவிட அந்த நிலத்தை விற்பது லாபம் என்று ஆன பிறகு யாரையும் குறைசொல்லிப் பயனில்லை. பெரிய செட்டுகள் பூந்தமல்லி, செம்பரம்பாக்கம் பக்கமும் கிழக்குக் கடற்கரைச் சாலைப் பக்கமும் நகர்ந்தன. மூடிக் கிடந்த பெரம்பூர் பின்னி மில் பல ஆண்டுகள் சண்டைக்காட்சிகளுக்கு அடைக்கலம் தந்தது. 1996-இல் ராமோஜி திரைப்பட நகரம் வந்த பின் தமிழ்ப் படங்களின் ஒரு பெரும் பங்கு ஹைதராபாத்துக்கே போய்விட்டது. இங்கே பழகிய தச்சரும் அச்சு வார்க்கும் மோல்டரும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னாலேயே போனார்கள்.

பட்டறை கலைந்த பின் இந்தத் தொழிலுக்கு ஆள் எங்கிருந்து வருகிறார்கள்? பெரியமேட்டில், ஈ.வெ.ரா. பெரியார் சாலையில், 1850-இல் அலெக்சாண்டர் ஹன்டர் தொடங்கிய கலைப்பள்ளி ஒன்று இருக்கிறது. இன்றைய அரசு கவின் கலைக் கல்லூரி. தமிழ் சினிமாவின் கலைத்துறைக்கு அதிகாரப்பூர்வமற்ற வாசல் அதுதான். தோட்டா தரணி அங்கே படித்தவர். அவருடைய தந்தை தோட்டா வெங்கடேஸ்வர ராவும் கலை இயக்குநர் என்பதால் அவருக்கு வீட்டிலேயே ஒரு பட்டறை இருந்தது. நான்கு தேசிய விருதுகள் பெற்ற சாபு சிரில் அங்கே படித்தவர். பூம்புகாரிலிருந்து வந்து அங்கே ஓவியம் பயின்ற பி. கிருஷ்ணமூர்த்தி, 1975-இல் ஜி.வி. ஐயரின் ‘ஹம்சகீதே’ என்ற கன்னடப் படத்தில் தொடங்கி, 2000-இல் வந்த ‘பாரதி’ படத்துக்காகக் கலை இயக்கம், உடை வடிவமைப்பு இரண்டுக்கும் தேசிய விருது வாங்கினார். 2020 டிசம்பரில் அவர் மறைந்தபோது இரங்கல் குறிப்புகள் விருதுகளை எண்ணின. எனக்கு அவரிடம் பெரிதாகத் தோன்றுவது வேறு. சுவரின் நிறத்தையும் அதன் முன் நிற்கிறவரின் வேட்டியின் நிறத்தையும் ஒரே ஆள் தீர்மானிக்கும் உரிமையை அவர் பெற்றிருந்தார். ‘பாரதி’யின் மங்கிய, வறுமை தோய்ந்த அழகுக்கு அதில் பெரும் பங்கு உண்டு.

தரமணியில் உள்ள அரசு திரைப்படக் கல்லூரி ஒளிப்பதிவாளர்களைத் தந்த அளவுக்குக் கலை இயக்குநர்களைத் தரவில்லை. இதற்கென்று முறையான படிப்பு வேண்டுமென்றால் புனேயில் உள்ள திரைப்படக் கல்லூரிக்குப் போகலாம். கட்டடக்கலை, உள்ளலங்காரம் படித்தவர்களும் இப்போது வருகிறார்கள். வழி எதுவானாலும் அடுத்த படி எல்லோருக்கும் ஒன்றுதான்: யாராவது ஒரு கலை இயக்குநரிடம் உதவியாளராகச் சேர வேண்டும். திரைப்படத் தொழிலாளர் கூட்டமைப்பான ஃபெப்சியின் கீழ் கலை இயக்குநர்களுக்கும் உதவியாளர்களுக்கும் தனிச் சங்கம் உண்டு. செட் உதவியாளர், தச்சர், ஓவியர் என்று மற்ற கைகளுக்கும் அமைப்பு உண்டு. உதவியாளர் அங்கே கற்பது வரைவதை அல்ல. அது ஏற்கெனவே தெரிந்திருக்க வேண்டும். ஒரு பட்டியலைப் பார்த்து எது வாங்க வேண்டியது, எது வாடகை, எது செய்ய வேண்டியது, எது இல்லாமலே சமாளிக்கலாம் என்று அரைமணியில் பிரிப்பதைக் கற்கிறார். காரைக்குடி பழம்பொருள் கடையில் தூணும் நிலைக்கதவும், புதுப்பேட்டையில் பழைய வண்டியின் உதிரியும், வடபழனி, சாலிகிராமம் வாடகைக் கடைகளில் டைப்ரைட்டரும் மரப்பீரோவும் கிடைக்கும் என்பது பாடப்புத்தகத்தில் இருக்காது.

வேலையின் நுட்பம் பெரிய அரண்மனையில் இருப்பதாக நம்புகிறவர்கள் 1975-ஆம் ஆண்டின் தியாகராய நகர் மளிகைக்கடை ஒன்றைக் கட்டிப் பார்க்க வேண்டும். கடைக்கு ஒரு பெயர்ப்பலகை. அதில் ‘விலை’ என்று எழுத வேண்டியிருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். தமிழ்நாடு அரசின் எழுத்துச் சீர்திருத்தம் 1978-இல்தான் வந்தது. அதற்கு முன் ‘லை’யின் தலையில் யானைத் துதிக்கை போன்ற சுழி இருக்கும். ‘றா’வும் ‘னா’வும் கால் வாங்காமல் வளைந்து முடியும். கணினியில் இன்றைய எழுத்துருவைத் தட்டி அச்சிட்டு ஒட்டினால், படம் பார்க்கும் எழுபது வயதுக்காரர் முதல் காட்சியிலேயே உச்சுக்கொட்டுவார். சரி, பழைய எழுத்தையே எல்லா இடத்திலும் எழுதிவிடலாமா என்றால் அதுவும் இல்லை. பெரியார் தம் இதழ்களில் 1930-களிலேயே புதிய வடிவங்களைப் பயன்படுத்தத் தொடங்கிவிட்டார். எனவே அதே தெருவின் சுவரில் திராவிடர் கழகத்துக் கூட்ட அறிவிப்பு இருந்தால், அதில் இன்றைய ‘லை’ வரலாம். ஒரே தெருவில் இரண்டு எழுத்துமுறை. எது எங்கே என்று தெரிந்தவர்தான் பலகை எழுதுகிறவருக்குத் தாள் எழுதிக் கொடுக்க முடியும்.

பலகையின் அடியில் முகவரி. அஞ்சல் குறியீட்டு எண் 1972 ஆகஸ்ட் 15 அன்று அறிமுகமானது. 1975-இல் அது மூன்று வயதுக் குழந்தை. கடைக்காரர் பலகையைப் பத்து ஆண்டுகளுக்கு முன் எழுதியிருந்தால் ‘சென்னை-17’ என்று மட்டுமே இருக்கும். புதிதாக எழுதியிருந்தால் ஆறு இலக்கம் வரலாம். ஆக, கடை எத்தனை பழையது என்பதைக் கலை இயக்குநர் தீர்மானித்தாக வேண்டும். திரைக்கதையில் அது இருக்காது. வாசலில் ஒரு கார் நிற்கிறது. அதன் எண் ‘டி.என். 01’ என்று தொடங்கினால் எல்லாம் போயிற்று. அந்த வரிசை 1989-இல்தான் வந்தது. பின்னால் போகும் பஸ்ஸில் ‘பல்லவன்’ என்ற பெயர் இருக்கலாம், அந்தப் போக்குவரத்துக் கழகம் 1972-இலேயே தொடங்கிவிட்டது. மொட்டை மாடியில் டிவி ஆன்டெனா? சென்னைத் தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தொடங்கியது 1975 ஆகஸ்ட் 15. கதை தைப் பொங்கலில் நடந்தால் ஆன்டெனா கூடாது. தீபாவளியில் நடந்தால் தெருவின் மிகப் பணக்கார வீட்டின் மேல் மட்டும் ஒன்று நிற்கலாம். அது ஒன்று போதும், அந்த வீட்டைப் பற்றி வசனம் எழுத வேண்டியதில்லை.

இவற்றில் பாதி, கேமராவில் விழாமலே போகும். விழுந்தாலும் அரை நொடி. இவ்வளவு மெனக்கெட வேண்டுமா என்று தயாரிப்பு நிர்வாகி கேட்பது நியாயமான கேள்விதான். இதற்கு நான் கேட்ட நல்ல பதில்கள் அழகியல் பேசுவதில்லை. நடிகர் அந்தக் கடைக்குள் போய்க் கல்லாப்பெட்டியைத் திறக்கும்போது உள்ளே அந்தக் காலத்துச் சில்லறை இருந்தால் அவர் கை வேறு மாதிரி நடந்துகொள்கிறது. இயக்குநரும் திட்டமிடாத ஒரு கோணத்தைத் துணிந்து கேட்கிறார். எங்கே திருப்பினாலும் ஆபத்து என்றிருக்கும் செட்டில் கேமரா ஒரே பக்கம் பார்த்து நின்றுவிடும்.

கட்டும் முறை பெரிதாக மாறிவிடவில்லை. சவுக்குக் கட்டையில் சாரம், ரீப்பர் சட்டத்தில் அறைந்த ப்ளைவுட், அதன் மேல் கோணியும் பிளாஸ்டர் ஆஃப் பாரிசும். சிற்பம், தூண் போதிகை போன்றவற்றுக்குத் தெர்மாகோலைச் செதுக்குவார்கள், அல்லது அச்சில் ஃபைபர் ஊற்றி எடுப்பார்கள். புதுச் சுவரைப் பழசாக்குவது தனிக்கலை. சுண்ணாம்பு நிறத்தின் மேல் நீர்த்த கறுப்பை வழியவிட்டு, ஜன்னல் விளிம்பின் கீழே மழைநீர்க் கறையும், ஆள் சாய்ந்து நிற்கும் உயரத்தில் எண்ணெய் மினுக்கும், ஸ்விட்சைச் சுற்றி விரல் அழுக்கும் வர வேண்டும். சுவர் முழுக்க ஒரே சீராக அழுக்கடித்தால் அது அழுக்கடித்த சுவராகவே தெரியும். வீட்டில் யார் எங்கே உட்கார்ந்து எத்தனை ஆண்டு கழித்திருக்கிறார்கள் என்று யோசித்தவருக்கே அழுக்கு எங்கே படியும் என்று தெரியும்.

இவற்றைச் செய்கிறவர்கள் பெரும்பாலும் இரவில் வேலை செய்கிறார்கள், ஏனென்றால் செட் எப்போதும் நாளைக் காலைக்குத்தான் வேண்டும். உயரத்தில், மின்கம்பிகளுக்கும் பெயின்ட் தின்னருக்கும் நடுவில். 2020 பிப்ரவரியில் பூந்தமல்லி அருகே ஒரு பெரிய படத்தின் படப்பிடிப்புத் தளத்தில் கிரேன் சரிந்து மூன்று பேர் இறந்தபோது பாதுகாப்பு பற்றிச் சில வாரங்கள் பேசினோம். அவசரத்தில் கட்டப்படும் எதிலும் ஆபத்து கூடும். கலை இயக்குநரைத் தாமதமாக அழைப்பதன் விலையைக் கடைசியில் சாரத்தில் நிற்கிறவர் கொடுக்கிறார்.

தொலைக்காட்சி வேறு உலகம். நெடுந்தொடர்கள் பெரும்பாலும் செட்டில் எடுக்கப்படுவதில்லை. சாலிகிராமம், வளசரவாக்கம் பக்கத்து வாடகை வீடுகளில் எடுக்கப்படுகின்றன. திரைச்சீலையையும் சோபா உறையையும் மாற்றினால் மாமியார் வீடு வக்கீல் அலுவலகமாகிவிடும். ஒரு நாளில் ஓர் அத்தியாயத்தையாவது முடித்தாக வேண்டிய அவசரத்தில் அழுக்கு எங்கே படியும் என்று யாரும் கேட்பதில்லை. எல்லா வீடும் நேற்றுதான் பால் காய்ச்சியது போல இருக்கும். இதற்கு நேர்மாறு பெரிய ரியாலிட்டி நிகழ்ச்சிகள். 2017-இல் தொடங்கிய தமிழ் ‘பிக் பாஸ்’ வீடு செம்பரம்பாக்கம் பக்கம் நிற்கிறது. அங்கே நூறு நாள் மனிதர்கள் உண்மையாகவே வாழ்கிறார்கள், குளிக்கிறார்கள், சமைக்கிறார்கள். சுவர்க்கண்ணாடிக்குப் பின்னால் கேமராக்கள் நடமாடத் தனிப் பாதை வேண்டும். எந்தச் சுவரையும் நடுவில் கழற்ற முடியாது. ‘மூவபிள்’ சுவரில் பழகியவருக்கு இது முற்றிலும் புதிய கணக்கு. வருமானம் என்று பார்த்தால், வருடத்துக்கு ஒரு படம் கிடைக்கும் கலை இயக்குநரைவிடத் தொலைக்காட்சி மேடை அமைப்பவருக்கு மாதம் ஒழுங்காகப் பணம் வரலாம். சினிமாக்காரர்கள் இதைச் சத்தமாகச் சொல்ல மாட்டார்கள்.

கணினி வரைகலை வந்தால் கலை இயக்குநருக்கு வேலை போய்விடும் என்று ஒரு பேச்சு இருந்தது. நடந்தது வேறு. சாபு சிரிலுக்குத் தேசிய விருது தந்த 2010-இன் ‘எந்திரன்’, முத்துராஜ் வடிவமைத்த 2018-இன் ‘2.0’ போன்ற படங்களில் செட் எந்த உயரத்தில் முடிந்து வரைகலை எங்கே தொடங்க வேண்டும் என்ற கேள்வி முளைத்தது. பன்னிரண்டு அடிக்கு மேல், பிறகு வரைகலையால் நிரப்புவதற்கான பச்சைத் துணி என்றால், நடிகர் மாடிப்படி ஏறும் காட்சியில் என்ன செய்வது? இப்போது செட்டின் வரைபடம் வரைகலை நிறுவனத்துக்கும் போகிறது. 2010-இல் வந்த ‘மதராசபட்டினம்’ 1940-களின் சென்னையைக் காட்டியபோது செல்வகுமாரின் கலை இயக்கமும் கணினியும் சேர்ந்துதான் அந்த ஊரை மீட்டன. சென்னையில் ட்ராம் 1953-இலேயே நின்றுவிட்டது. மத்தியச் சிறையை 2009-இல் இடித்துவிட்டார்கள். மூர் மார்க்கெட் 1985-இல் எரிந்துபோனது. ஊர் தன் பழைய கட்டடங்களை இழக்க இழக்க, இங்கே கால வரலாற்றுப் படம் எடுப்பதில் கலைத்துறையின் செலவு ஏறிக்கொண்டே போகும். இந்தக் கணக்கைப் பட்ஜெட் போடுகிறவர்கள் இன்னும் முழுதாகப் போடவில்லை என்று நினைக்கிறேன்.

சம்பளத்துக்கு வருவோம். வழக்கம் இரண்டு விதம். ஒன்று, கலை இயக்குநருக்குத் தனிச் சம்பளம், செட் செலவு தயாரிப்பாளர் கணக்கில். இன்னொன்று, செட் முழுவதையும் ஒரு தொகைக்கு ஒப்பந்தமாக அவரிடமே விட்டுவிடுவது. இரண்டாவதில் அவர் கலைஞரும் காண்டிராக்டருமாகிறார். ப்ளைவுட் விலை ஏறினால், மழையில் செட் நனைந்தால், நடிகரின் தேதி தள்ளிப்போய் செட் ஒரு மாதம் சும்மா நின்றால் நஷ்டம் அவர் தலையில். மரக்கடைக்காரர் கேட்கும் பணத்துக்கும் தயாரிப்பாளர் தர வேண்டிய தவணைக்கும் நடுவில் நின்று முடி நரைத்தவர்கள் உண்டு. செலவைக் குறைக்க நல்ல யோசனை சொன்னால் அவருடைய தொகைதான் குறையும் என்ற விசித்திரமும் இதில் இருக்கிறது. தனிச் சம்பளம் வாங்குகிறவரால்தான், ‘இந்தக் காட்சிக்கு செட் வேண்டாம், மயிலாப்பூரில் ஒரு வீடு இருக்கிறது, அதன் திண்ணை போதும்’ என்று இயக்குநரிடம் சொல்ல முடியும்.

அதைச் சொல்வதற்கு அவர் முன்பே போய் அந்த வீட்டைப் பார்த்திருக்க வேண்டும். படப்பிடிப்புக்கு முந்தைய இந்த அலைச்சல், வரைதல், மாதிரி செய்தல் ஆகியவற்றுக்குப் பல படங்களில் இன்றும் தனியாகப் பணம் கிடையாது. படம் தொடங்காமல் கைவிடப்பட்டால் அத்தனையும் தானம். ஓடிடி தொடர்கள் சிலவற்றில் முன்தயாரிப்பு வாரங்களை ஒப்பந்தத்திலேயே எழுதிச் சம்பளம் கொடுக்கும் பழக்கம் வந்திருக்கிறது. இளம் உதவியாளர்கள் இப்போது வாய்ப்பு பற்றி விசாரிக்கும்போது இயக்குநர் யார் என்பதோடு, ஒப்பந்தம் எந்த வாரத்திலிருந்து கணக்கு என்றும் கேட்கத் தொடங்கியிருக்கிறார்கள்.